எலும்புக்கூட்டிடம் செத்துப் பழகிய ஜூன் மாதம்

இரவு ஷிப்ட் முடித்துக் காலை எட்டு மணிக்குச் சிங்கப்பூர் ஜூரோங் வெஸ்ட் வீட்டுக் கதவைத் திறக்கிறேன். பள்ளி விடுமுறை. உயர்நிலை ஒன்று படிக்கும் மகள் சாப்பாட்டு மேசையில் மடிக்கணினியை வைத்துக்கொண்டு செத்துக்கொண்டிருக்கிறாள். திரையில் ஒரு கேம், ஓர் எலும்புக்கூட்டுக்கு எதிரே ஒரு சின்னஞ்சிறு இதயம். அது இரண்டாகப் பிளக்கும், சில்லுச் சில்லாகச் சிதறும், அவள் ஒரு பொத்தானைத் தட்டுவாள், இதயம் மறுபடி முழுதாக வந்து நிற்கும். நான் குளித்து, இட்லி சாப்பிட்டு, கோப்பி குடித்து முடிப்பதற்குள் பதினொரு தடவை செத்தாள்.

"எத்தனை நாளா இப்படிச் சாகுற?"

"ஒரு வாரமா. நீங்க விளையாடினா ஒரு நிமிஷம்கூடத் தாங்க மாட்டீங்க அப்பா."

அவள் இதைச் சொன்னது ஆங்கிலத்தில். நாங்கள் தமிழில் கேட்போம், அவள் ஆங்கிலத்தில் பதில் சொல்வாள். இந்த ஊரில் பல வீடுகளில் நடக்கிற கதைதான். அவள் பேச்சையெல்லாம் இங்கே நான்தான் தமிழாக்கியிருக்கிறேன். எனக்கு அன்று என்ன வேகம் வந்ததோ, ஒரு பந்தயம் கட்டினேன். விடுமுறை முடிவதற்குள் அந்த எலும்புக்கூட்டை நான் ஜெயித்தால், அவள் வீட்டில் ஒரு மாதம் தமிழிலேயே பேச வேண்டும். அவள் ஒரு நொடிகூட யோசிக்காமல் கைகொடுத்தாள். அந்த ஒரு நொடியைக்கூட எடுத்துக்கொள்ளாததுதான் எனக்கு உறைத்தது.

எனக்கு வயது நாற்பத்து நான்கு. துறைமுகத்தில் கிரேன் ஓட்டுகிறேன், பதினேழு வருடமாக. ஜாய்ஸ்டிக் பிடித்துச் சம்பாதிக்கிறவன் என்ற நினைப்பில்தான் உட்கார்ந்தேன். முதல் முயற்சியில் நான்கு நொடி தாங்கினேன்.

ஆட்டத்தின் பெயர் அண்டர்டேல். டோபி ஃபாக்ஸ் என்பவர் பெரும்பாலும் தனி ஆளாக உருவாக்கி 2015 செப்டம்பரில் வெளியிட்டது. படம் பார்த்தால் நாங்கள் சிறுவயதில் விளையாடிய கேம்களைப் போலப் பழைய பாணியில்தான் இருக்கும். அதில் ஒரு பாதையில் கடைசியாக எதிர்த்து நிற்கிறவன்தான் இந்த எலும்புக்கூடு. காமிக் சான்ஸ் என்ற எழுத்துருவில் பேசுவான், அதனால் பெயர் சான்ஸ். நம் வீடுகளில் வாய்ப்புக்குச் சொல்கிற அதே சொல். இவனிடம் அது மட்டும் கிடைக்காது.

அவன் விவரத்தைப் பார்த்தால் சிரிப்பு வரும். தாக்கும் பலம் 1, தடுக்கும் பலம் 1, உயிர் 1. நமக்கு 92. ஆனால் அவனை அடிக்கப் போனால் நகர்ந்துகொள்வான். ஆட்டம் நொடிக்கு 30 சட்டகம், அதாவது 30 படம், ஓடுகிறது. மற்ற எதிரிகளிடம் ஓர் அடி பட்டால் அடுத்த அடி விழக் கொஞ்சம் இடைவெளி உண்டு. இவனிடம் அந்தச் சலுகை கிடையாது. எலும்பு மேலே பட்டுக்கொண்டிருக்கும் ஒவ்வொரு சட்டகத்துக்கும் ஒரு புள்ளி போகும். அதற்கு மேல் விஷம் ஏறிய மாதிரி, பட்ட பிறகும் உயிர் கொஞ்ச நேரம் வடிந்துகொண்டே இருக்கும். திரையில் அதற்கு கே.ஆர். என்று இரண்டெழுத்து, ரசிகர்கள் அதைக் கர்மா என்று படிக்கிறார்கள். என் மனைவி அதைக் கேட்டுவிட்டு, "அவனாவது சரியா கணக்குப் பாக்குறானே," என்றாள்.

மகள் விளையாடிக்கொண்டிருந்தது அசல் ஆட்டம் இல்லை. ஒரு ரசிகர் கன்ஸ்ட்ரக்ட் 2 என்ற கருவியை வைத்து அந்த ஒரு சண்டையை மட்டும் தனியாகக் கட்டி, உலாவியிலேயே ஓடும்படி இலவசமாக வைத்திருக்கிறார். பேட் டைம் சிமுலேட்டர் என்று பெயர். திறந்ததும் சண்டை. முழுச் சண்டையும் போடலாம், பயிற்சிக்கென்று வைத்திருப்பதில் போடலாம், ஒரே ஒரு தாக்குதலை மட்டும் எடுத்துத் திரும்பத் திரும்பப் போடலாம், முடிவே இல்லாமல் போட்டுக்கொண்டே இருக்கலாம். நாமே ஒரு தாக்குதலை எழுதிக் கொடுத்தால் அதையும் ஓட்டிக்காட்டும்.

"அசல் ஆட்டத்தையே வாங்கித் தந்தேனே, அதிலேயே விளையாடலாமே?" என்று கேட்டேன்.

"அதுல சான்ஸ் சண்டைக்கு வரணும்னா வழியில இருக்கிற எல்லாரையும் கொல்லணும் அப்பா. நான் பண்ண மாட்டேன்."

அப்போது அது எனக்குப் பெரிதாகத் தெரியவில்லை.

முதல் ஐந்து நாள் நான் செய்தது சுத்த முட்டாள்தனம். செத்தால் பொத்தானைத் தட்டுவேன், மறுபடி தொடங்குவேன். ஒரு மணி நேரத்தில் அறுபது தடவை செத்திருப்பேன். அவ்வளவு பயிற்சி என்று நினைத்துக்கொண்டேன். ஐந்தாம் நாள் பார்த்தால், முதல் தாக்குதலைப் பத்தில் ஏழு தடவை தாண்டுகிறேன், அதற்கு மேல் எதுவும் இல்லை. ஏனென்றால் ஒவ்வொரு தடவையும் முதலிலிருந்தே தொடங்குகிறேன். தெரிந்ததை அறுபது தடவை செய்கிறேன், தெரியாததை அறுபது தடவையில் நான்கைந்து தடவை கண்ணால் பார்க்கிறேன்.

அன்று இரவு வேலையில், கிரேன் கூண்டில் உட்கார்ந்திருந்தபோதுதான் என் பழைய பயிற்றுநர் நினைவுக்கு வந்தார். மலாய்க்காரர், எல்லாரும் அவரை 'பாங்' என்போம், அண்ணன் என்று அர்த்தம். அசல் கிரேனில் ஏற்றுவதற்கு முன்னால் எங்களை வாரக்கணக்கில் சிமுலேட்டரில் உட்கார வைத்தார்கள். ஒரு நாற்காலி, இரண்டு கைப்பிடி, எதிரிலும் காலடியிலும் திரை. கிரேன் ஓட்டுகிறவன் எதிரே பார்ப்பதைவிடத் தன் இரண்டு காலுக்கு நடுவே கண்ணாடி வழியாகக் கீழே பார்ப்பதுதான் அதிகம். கொள்கலனைத் தூக்கி நகர்த்தினால் அது ஊஞ்சல் மாதிரி ஆடும். ஆட்டத்தை நிறுத்த எதிர்ப்பக்கம் இழுத்தால் இன்னும் ஆடும். அது போகிற பக்கமே அது தொங்கும் ட்ராலியையும் கூட நகர்த்தி, சரியான கணத்தில் பிடிக்க வேண்டும். பிடிக்கத் தெரியாமல் முதல் வாரம் நான் எத்தனை கொள்கலனைக் கப்பல் மேலேயே போட்டேன் என்று கணக்கில்லை. திரையில்தான்.

ஒவ்வொரு தடவை போட்டதும் பாங் இயந்திரத்தை நிறுத்திவிடுவார். உடனே திரும்பத் தொடங்க விடமாட்டார். "சொல்லு, என்ன நடந்தது?" என்பார். "ஆடிடுச்சு" என்றால் ஒத்துக்கொள்ள மாட்டார். எந்தப் பக்கம் ஆடியது, அப்போது உன் கண் எங்கே இருந்தது, கை என்ன செய்தது, மூன்றும் சொன்னால்தான் இயந்திரம் மறுபடி ஓடும். எனக்கு எரிச்சலாக வரும். இன்றைக்கு யோசித்தால், எனக்குக் கற்றுக்கொடுத்தது அந்த நிறுத்தம்தான். மற்றபடி இயந்திரத்தை ஆட்டிக்கொண்டிருந்தேன், அவ்வளவே.

அசல் அண்டர்டேலில் இந்த நிறுத்தம் தானாகவே உண்டு. செத்தால் சேவ் செய்த இடத்தில் எழுந்து, பொன்னிற வெளிச்சம் விழும் ஒரு நீண்ட நடைகூடத்தில் நடந்து, அவன் பேச்சைக் கேட்டு, அதற்கப்புறம்தான் சண்டை. சிமுலேட்டர் அந்த நடையை வெட்டிவிட்டது. நேரம் மிச்சம்தான். ஆனால் யோசிக்கக் கிடைத்த அரை நிமிடமும் சேர்ந்து போய்விட்டது. அதனால் அதை நானே திரும்பப் போட்டுக்கொண்டேன். பள்ளிப் புத்தகக் கடையில் ஒரு வெள்ளி சொச்சத்துக்கு வாங்கிய சின்ன நோட்டு ஒன்றை மேசையில் வைத்தேன். செத்தால் கையை எடு. எந்தத் தாக்குதல், எந்தப் பக்கத்திலிருந்து வந்தது, கண் எங்கே இருந்தது, எழுது. எழுதாமல் பொத்தானைத் தொடக்கூடாது.

மகள் சிரித்தாள். "கேமுக்கு ஹோம்வொர்க் பண்ற ஒரே ஆள் நீங்கதான்."

மூன்று நாளில் நோட்டு பேச ஆரம்பித்தது. நாற்பது சாவில் பாதிக்கு மேல் இரண்டே இரண்டு தாக்குதலில். ஒன்று, இதயம் நீல நிறமாகி எடை கூடிக் கீழே விழும் கட்டம். அப்போது மேல்நோக்கிய அம்பை எவ்வளவு நேரம் அழுத்துகிறோமோ அவ்வளவு உயரம் குதிக்கும். நான் பயத்தில் எப்போதும் முழுக் குதி குதித்துக்கொண்டிருந்தேன். மேலே போன இதயம் கீழே வந்து சேருவதற்குள் அடுத்த எலும்பு வந்துவிடும். இன்னொன்று, நீல எலும்பு. அது வரும்போது அசையாமல் நின்றால் உடம்பைத் தாண்டிப் போய்விடும், ஒன்றும் ஆகாது. அது எனக்குத் தெரியும். தெரிந்துமா செத்தேன் என்றால், ஆமாம். நிற்க வேண்டிய நேரத்தில் நான் காற்றில் இருந்தேன். விழுந்துகொண்டிருப்பதும் அசைவுதான். இரண்டும் ஒரே நோய். குதியைச் சின்னதாக்கினால் இரண்டும் தீரும். அறுபது அறுபதாகச் செத்தபோது இது கண்ணில் படவே இல்லை.

அதற்கப்புறம் ஒற்றைத் தாக்குதல் முறைக்குப் போனேன். என் அனுபவத்தில் சிமுலேட்டரின் உண்மையான பயன் இதுதான். முழுச் சண்டையில் ஒரு தாக்குதலைச் சந்திக்க நாலு நிமிடம் உயிர்தப்பி வரவேண்டும். இங்கே அதை மட்டும் எடுத்து மூன்று நிமிடத்தில் பத்து தடவை பார்க்கலாம். நான் வைத்துக்கொண்ட அளவு, தொடர்ந்து ஐந்து தடவை அடிபடாமல் தாண்டினால் அடுத்தது. நாலு தடவை தாண்டி ஐந்தாவதில் பட்டால் பூஜ்ஜியத்திலிருந்து. இது கொஞ்சம் கொடுமைதான், ஆனால் ஒரு தடவை அதிர்ஷ்டத்தில் தாண்டியதைக் கற்றுக்கொண்டதாக நினைக்கும் ஏமாற்றத்திலிருந்து காப்பாற்றும்.

தனித்தனியாகப் பழகியதில் ஒரு வம்பும் உண்டு. ஒன்று முடிந்து அடுத்தது தொடங்கும் மூட்டு பழகுவதே இல்லை. ஒற்றை முறையில் இதயம் நடுவில் நிற்கும்போது தாக்குதல் தொடங்கும். முழுச் சண்டையில் முந்தைய தாக்குதல் நம்மை ஒரு மூலையில் விட்டிருக்கும். இரண்டாம் பாதியில் திரை சட்டென்று கறுத்து, வெளிச்சம் வந்தால் நாம் வேறெங்கோ இருப்போம். அதனால் வாரத்தில் மூன்று நாள் துண்டு, ஒரு நாள் முழுச் சண்டை என்று பிரித்துக்கொண்டேன். முழுச் சண்டை நாளில் ஐந்து முயற்சிதான். அதற்கு மேல் ஆசைப்பட்டால் விரல் விறைத்துவிடும்.

கண்ணைப் பற்றிக் கொஞ்சம் சொல்ல வேண்டும், ஏனென்றால் எனக்குப் பெரிய மாற்றம் வந்தது அங்கேதான். எல்லாரையும் போல நானும் இதயத்தையே பார்த்துக்கொண்டிருந்தேன். நம் உயிர் அல்லவா, பார்க்கத்தான் தோன்றும். ஆனால் கிரேனில் நான் என் கையைப் பார்ப்பதில்லை. கொள்கலன் போய்ச் சேர வேண்டிய இடத்தைப் பார்ப்பேன், கை தன் வேலையைச் செய்யும். இங்கேயும் எலும்பு உள்ளே நுழைகிற ஓரத்தில் கண்ணை வைத்து, இதயத்தைக் கடைக்கண்ணில் விட்டுவிட்டேன். முதல் நாள் அடி கூடியது. இரண்டாம் நாளும் கூடியது. மூன்றாம் நாள் எலும்புகள் மெதுவாக வருகிற மாதிரி இருந்தது.

மண்டையோட்டு வடிவத்தில் சில பீரங்கிகள் வரும், வாயைப் பிளந்து வெள்ளை ஒளிக்கற்றையைப் பாய்ச்சும். ஒளியைப் பார்த்து ஓடினால் தாமதம். மண்டையோடு வந்து நிற்கும் கணத்திலேயே எந்தப் பக்கம் முகம் திருப்பியிருக்கிறது என்று பார்த்தால் எங்கே பாயும் என்று தெரிந்துவிடும். தொடக்கத் தாக்குதலின் கடைசியில் இவை நான்கு சுற்று வரும். நடு, ஓரம், நடு, அப்புறம் மேலோ கீழோ. நான் இதை வாய்விட்டே சொல்லிக்கொண்டு விளையாடினேன். மனைவி சமையலறையிலிருந்து, "யாருக்கு வழி சொல்றீங்க?" என்று கேட்டாள்.

அவளுக்கும் சிமுலேட்டர் அனுபவம் உண்டு. இங்கே 2019 டிசம்பரிலிருந்து கார் ஓட்டப் பழகுகிறவர்கள் ஓட்டுநர் பயிற்சி நிலையத்தில் சிமுலேட்டரில் உட்கார்ந்தே ஆகவேண்டும். முதல் நாள் அவள் தலைசுற்றி வாந்தி வருகிற மாதிரி வீட்டுக்கு வந்தாள். "ரோடு ஓடுது, உடம்பு ஓடலை" என்றாள். எந்தச் சிமுலேட்டரைப் பற்றியும் அதைவிடச் சரியாக யாரும் சொல்லி நான் கேட்டதில்லை.

இயந்திரக் கோளாறுகளையும் சொல்லிவிடுகிறேன். உலாவியில் இருபது தாவல் திறந்திருந்தால் சிமுலேட்டர் திக்கும். மற்றதையெல்லாம் மூடுங்கள். என் பழைய வயர்லெஸ் விசைப்பலகை மிக மெல்லியதாகத் தாமதித்தது. வேலைக்குத் தெரியாத தாமதம், இங்கே சாவு. கம்பி வைத்ததை மாற்றினேன், அன்றே இரண்டு தாக்குதல் கூடுதலாகத் தாண்டினேன். தொலைக்காட்சியில் இணைத்து விளையாடுகிறவர்கள் அதில் 'கேம் மோட்' இருந்தால் போட்டுக்கொள்ளுங்கள். அப்புறம் தூக்கம். இரவு ஷிப்ட் முடிந்த காலையில் ஒரு தடவைகூட நான் பழைய அளவைத் தாண்டியதில்லை. தூங்கி எழுந்து மாலை நாலு மணிக்கு உட்கார்ந்தால் அதே கை, அதே திரை, பாதி தூரம் கூடுதலாகப் போகிறது. நேற்று வராதது இன்று வருவதற்கு நடுவில் நான் செய்தது தூங்கியது மட்டும்தான்.

இரண்டாம் பாதியில் ஒரு தாக்குதல் எனக்கு வரவே இல்லை. அவன் இதயத்தைத் தூக்கி இடம், வலம், மேல், கீழ் என்று சுவரில் அறைவான். விழுகிற சுவரிலிருந்து எலும்பு முளைக்கும். எந்தச் சுவர் என்று என் மூளை புரிந்துகொள்வதற்குள் முடிந்துவிடும். சில நாள் முட்டினேன். ஒரு மதியம் தூங்கி எழுந்தபோது மேசையில் மகள் ஒரு கோப்பைத் திறந்து வைத்திருந்தாள். நாமே தாக்குதல் எழுதலாம் என்றேனே, அது சாதாரண எழுத்துக் கோப்புதான். ஒவ்வொரு வரியிலும் எவ்வளவு நேரம் காத்திருக்க வேண்டும், என்ன செய்ய வேண்டும், எந்த இடத்தில், எந்த வேகத்தில் என்று காற்புள்ளியிட்டு எழுதினால் போதும். அதே அறைகிற வேலையை, காத்திருக்கும் நேரத்தை இரட்டிப்பாக்கி எழுதியிருந்தாள். கோப்பின் பெயர் தமிழ் எழுத்தில், 'அப்பா மெதுவா'.

பந்தயத்தில் அவள் எனக்கு எதிர்க்கட்சி. நான் எதுவும் கேட்கவில்லை, அவளும் எதுவும் சொல்லவில்லை. மெதுவாக ஓடியபோதுதான் எனக்குப் புரிந்தது, நான் சுவரைத் தேடிக்கொண்டிருந்தேன், இதயம் விழுகிற திசையைப் பார்த்தாலே போதும். கொள்கலன் ஆட்டம் மாதிரியே, அது போகிற பக்கம் கூடப் போகவேண்டும். அவள் இரண்டு நாளுக்கு ஒரு தடவை காத்திருப்பைக் கொஞ்சம் குறைத்தாள். ஜூன் மூன்றாம் வாரம் அசல் வேகம் வந்தது. அந்த வாரமே சிமுலேட்டரில் சான்ஸை ஜெயித்தேன், 11 புள்ளி உயிர் மிச்சத்தோடு.

"சிமுலேட்டர் கணக்கில் வராது," என்றாள் பந்தயக்காரி. "அசல்ல பண்ணுங்க."

நியாயம்தான். கிரேன் சிமுலேட்டரில் தேர்ச்சி பெற்றவனிடம் அடுத்த நாளே யாரும் கப்பலை ஒப்படைப்பதில்லை.

அசல் ஆட்டத்தில் அந்தச் சண்டைக்குப் போக மகள் சொன்ன பாதையில்தான் போகவேண்டியிருந்தது. ஒவ்வொரு பகுதியிலும் எதிர்ப்படுகிறவர்களைத் தேடித் தேடிக் கொல்ல வேண்டும், யாரும் வரவில்லை என்று திரையில் எழுத்து வரும்வரை. அது பெரும்பாலும் கஷ்டமான வேலை இல்லை, அலுப்பான வேலை. அந்த அலுப்புதான் ஒரு மாதிரி இருந்தது. ஆரம்பத்தில் அம்மா மாதிரி பார்த்துக்கொள்கிற டோரியல் ஓர் அடியில் போய்விடுகிறாள். சான்ஸின் தம்பி பாப்பிரஸ் சண்டையே போடாமல் கட்டிப்பிடிக்கக் கையை விரித்து நிற்கிறான். அவனும் ஓர் அடிதான். நான் அதையெல்லாம் காலை நேரங்களில் செய்தேன், மகள் எழுவதற்கு முன்னால். ஏன் அவள் எழுவதற்கு முன்னால் என்று அப்போது என்னையே கேட்டுக்கொள்ளவில்லை.

அப்புறம் நடைகூடம், பொன்னிற வெளிச்சம், அவன்.

சிமுலேட்டரில் ஜெயித்தவன் அசலில் முதல் தடவை இருபது நொடியில் செத்தேன். தாக்குதல் எல்லாம் தெரிந்ததுதான். என் கைதான் வேறாக இருந்தது. அங்கே தோற்றால் பொத்தான். இங்கே தோற்றால் அத்தனை பேரைக் கொன்று வந்தும் தோற்றவன். அதோடு இந்த ஆட்டம் கணக்கு வைத்துக்கொள்கிறது. திரும்பிப் போய் நின்றால் சான்ஸ் நம் முகத்தைப் பார்த்து, இது எத்தனை தடவை செத்தவன் முகம் என்று சொல்கிறான். சிமுலேட்டர் உங்களுக்குக் கையைப் பழக்கும். இந்த வெட்கத்தைப் பழக்காது. அதற்கு அசலில் கொஞ்சம் செத்துத்தான் ஆகவேண்டும். முதல் பத்துத் தோல்வியை எண்ணிக்கையில் சேர்க்காமல் ஒதுக்கிவிடுங்கள். நான் நோட்டில்கூட எழுதவில்லை.

உணவு கணக்கும் அசலில்தான் உறைக்கும். எட்டுப் பொருள்தான் எடுத்துப் போகலாம். அதில் இன்ஸ்டன்ட் நூடுல்ஸ் என்று ஒன்று. சாதாரணச் சண்டையில் சமைத்துத் தின்றால் 4 புள்ளி தரும், இந்த மாதிரித் தீவிரமான சண்டையில் 90 தரும். மேகி மீயை மழைநாளில் சாப்பிட்டவர்களுக்கு இதில் ஆச்சரியம் இருக்காது. உயிர் எண்ணை மட்டும் பார்த்து எப்போது சாப்பிடுவது என்று முடிவு செய்யாதீர்கள். அந்தப் பட்டையில் ஊதாவாக இருக்கும் பகுதி வடியப்போகிற உயிர், அதைக் கழித்துவிட்டு மிச்சத்தைப் பாருங்கள். இரண்டாம் பாதியில் நாம் பொத்தானைத் தேர்ந்தெடுக்கும் இடத்திலேயே எலும்பு வந்து அடிக்கும், அதனால் என்ன செய்யப் போகிறோம் என்பதை அவன் முறை முடிவதற்கு முன்பே முடிவு செய்துகொள்ள வேண்டும்.

பாதி வழியில் அவன் சமாதானம் பேசுவான். ஆயுதத்தைக் கீழே போடு, நாம் நண்பர்களாக இருக்கலாம் என்பது போல. அது பொறி என்று மகள் முன்பே சொல்லியிருந்தாள். தெரிந்தும் ஒரு தடவை ஒத்துக்கொண்டேன். களைப்பு. பன்னிரண்டு மணி நேர ஷிப்டுக்குப் பிறகு யார் சமாதானம் என்றாலும் நல்லதாகத்தான் கேட்கும். கட்டிப்பிடிக்கிற மாதிரி கூப்பிட்டான், செத்தேன்.

விடுமுறையின் கடைசிச் சனிக்கிழமை மாலை ஜெயித்தேன். கடைசியில் அவன் ஒன்றுமே செய்யாமல் முறையைத் தன்னிடமே வைத்துக்கொண்டு நிற்பான், காத்திருந்தால் தூங்கிவிடுவான், இதயம் இருக்கும் பெட்டியையே மெல்லத் தள்ளிக்கொண்டு போய் அடிக்கும் பொத்தானைத் தொட வேண்டும். அப்போதும் முதல் அடிக்கு விழித்து விலகுவான். அடுத்த அடி தானாக விழும். உயிர் 1 தானே.

மகளைக் கூப்பிட்டேன். வந்து நின்று பார்த்தாள். துள்ளுவாள் என்று நினைத்தேன். கொஞ்ச நேரம் பேசவில்லை.

"பாப்பிரஸ்?" என்றாள்.

"ஆமா."

"கையை விரிச்சானா?"

"விரிச்சான்."

அவள் திரையையே பார்த்துக்கொண்டிருந்தாள். இந்தப் பாதையை இறுதி வரை கொண்டுபோய் முடித்தால் ஆட்டம் அதை அழியாமல் வைத்துக்கொள்ளும். பிறகு யாரையும் கொல்லாத நல்ல பாதையில் போனாலும் முடிவில் ஒரு கறை வந்து நிற்கும். அது எனக்குத் தெரியாது, அவளுக்குத் தெரியும். அவள் ஏன் சிமுலேட்டரை விட்டு வராமல் இருந்தாள் என்பது எனக்கு அந்த நிமிடம்தான் முழுதாகப் புரிந்தது. நடைகூடத்தை வெட்டிவிட்டார்களே என்று நான் குறைப்பட்டுக்கொண்டிருந்தேன். அவளுக்கு அந்த நடைகூடம் வரை வருகிற வழியே வேண்டாம்.

"இதுக்கு மேல போகாதீங்க. இப்பவே நிறுத்திட்டு ரீசெட் பண்ணுங்க."

மூன்று வாரம் செத்துப் பெற்ற வெற்றி. சேவ்கூடச் செய்யவில்லை. நிறுத்தினேன், திரும்பத் திறந்தேன், ரீசெட்டை அவளே அழுத்தினாள். முதல் திரை வந்தது.

"இப்ப அவங்கள்லாம் இருக்காங்களா?" என்று கேட்டேன்.

"இருக்காங்க." நாற்காலியை இழுத்து என் பக்கத்தில் போட்டு உட்கார்ந்தாள். "சரி, பந்தயம் பந்தயம்தான். இன்னைக்கிலிருந்து ஒரு மாசம் தமிழ் மட்டும்தான்."

அதையும் ஆங்கிலத்தில்தான் சொன்னாள். சமையலறையில் மனைவி சிரிக்கும் சத்தம் கேட்டது.